பயமில்லாத சிண்டு

சர்வீஸ் சென்டர் இளையவர்களே, ரோபோக்களைப் பரிசோதிக்கிற மென்பொருளில் நீங்கள் "எல்லாம் சரிசெய்" பொத்தானை அழுத்தப் போகும்போது, குறுக்கே ஒரு பெட்டி வந்து "குழந்தையைக் கேட்டீர்களா?" என்று கேட்குமே, அதை வைத்தது நான்தான். போன வாரம் சும்மா எட்டிப் பார்க்கலாம் என்று சென்டருக்கு வந்திருந்தேன். உங்களில் ஒருத்தர் அந்தப் பெட்டியைப் பார்த்து, "எந்தக் கிராக்குபா இத்த வெச்சுது?" என்று கேட்டுக்கொண்டே, படிக்காமல் "ஆம்" அழுத்தினீர்கள். பெயர் சொல்ல மாட்டேன். பக்கத்து நாற்காலியில் டீ குடித்துக்கொண்டிருந்த கிழட்டுக் கிராக்கு நான்தான். எனக்குக் கோபமெல்லாம் இல்லை. நான் அழுத்திய அழகுக்கு நீங்கள் அழுத்தியது எவ்வளவோ தேவலாம்.

ஓய்வு பெற்றவர்கள் எழுத ஆரம்பித்தால், தான் எப்படி எல்லாரையும் காப்பாற்றினேன் என்றுதான் எழுதுவார்கள். எனக்கும் ஆசைதான். யோசித்துப் பார்த்ததில் அப்படி ஒன்றும் மாட்டவில்லை. மாட்டியது இந்த ஒரு மத்தியானம்தான். இதில் நான் மேசைக்கு அடியில் உட்கார்ந்திருக்கிறேன்.

அதற்கு முன்னால் நான் எங்கிருந்து வந்தேன் என்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அன்றைக்கு நான் செய்த முட்டாள்தனம் உங்களுக்குப் புரியாது. இந்த வேலைக்கு வருவதற்கு முன்னால் நான் ராயபுரம் பக்கம் துறைமுக கிரேன்களின் மென்பொருளைப் பரிசோதித்துக்கொண்டிருந்தேன். கிரேனின் கை சொன்ன இடத்துக்குக் கொஞ்சம் தாழ்ந்து நின்றாலும் வேலையை நிறுத்திவிடுவோம். கீழே ஆள் நிற்பான், அவனுக்கு வீட்டில் பெண்டாட்டி பிள்ளை இருக்கும். கட்டளை கொடுத்தால் கை உடனே அசைய வேண்டும், யோசிக்கக் கூடாது. யோசிக்கிற கிரேனைப் போல ஆபத்தான பொருள் உலகத்தில் இல்லை என்று நான் பாடமே எடுத்திருக்கிறேன்.

அந்தப் புத்தியை அப்படியே டிபன் கேரியரில் போட்டுக்கொண்டு விம்கோ நகர் சர்வீஸ் சென்டருக்கு வந்தேன். இங்கே வந்தால் முழங்கால் உயரத்தில், கரடி முகத்தோடு, குழந்தைகளுக்குத் துணையாக இருக்கிற ரோபோக்கள். வீட்டுக்காரர் தெருவெல்லாம் சொல்லிச் சிரித்தார்: "கன்டெய்னர் தூக்குனவ, இப்ப கரடி பொம்மைக்கு ஜுரம் பாக்குறா." நான் அசரவில்லை. கரடியையும் கிரேனாகவே பார்த்தேன். ரோபோவின் ஒவ்வொரு மோட்டாரையும், ஒவ்வொரு தாமதத்தையும் ஃபேக்டரியில் வைத்த அளவோடு ஒப்பிட்டு, மாறியிருந்தால் ஆரஞ்சில் காட்டி, ஒரே அழுத்தில் எல்லாவற்றையும் பச்சையாக்குகிற பொத்தானை நானே எழுதினேன். புதிதாகச் சேர்ந்த ஒரு பெண் மீட்டிங்கில் மெதுவாகக் கேட்டாள், "பழைய அளவையெல்லாம் ஒரு ஓரமா சேவ் பண்ணி வெக்கலாமா மேடம்?" நான் சொன்ன பதில் இது: "ஜுரம் வுட்டப்புறம் ஜுரத்த டப்பாவுல போட்டு வெப்பியாம்மா?" எல்லாரும் சிரித்தார்கள். அதிகமாகச் சிரித்தது நான்.

இனி அந்த மத்தியானம்.

பன்னிரண்டு மணி வாக்கில் ஒரு அம்மா உள்ளே வந்தாள். பெயர் செல்வி, சடையங்குப்பத்துக்காரி. புருஷன் சாத்தாங்காடு இரும்பு மார்க்கெட்டில் லோடு ஏற்றுகிறவர். ஒரு கையில் துண்டில் சுற்றிய ரோபோ. இன்னொரு கையைப் பிடித்துக்கொண்டு ஆறு வயசுப் பெண், ஹர்ஷினி. பிடித்துக்கொண்டு என்று மரியாதைக்குச் சொல்கிறேன். இழுத்துக்கொண்டு வந்தாள் என்பதுதான் சரி.

"இன்னா மேடம், காலைலேர்ந்து கண்ணே தொறக்க மாட்டேங்குது இது. நேத்து ராத்திரி மழைக்கு வூட்டுக்குள்ள தண்ணி வந்துச்சு. இத்த பத்திரமா பீரோ மேல ஏத்திட்டோம். சார்ஜர ஏத்த மறந்துட்டோம். நனஞ்சத தொடச்சிட்டு அப்படியே சொருகிட்டாரு எங்க வூட்டுக்காரரு."

"விட்டுட்டுப் போங்கம்மா, ரெண்டு நாள்ல போன் பண்றோம்" என்று நான் வழக்கமான பாட்டைப் பாடினேன்.

"ரெண்டு நாளா!" என்றாள் செல்வி. "பொண்ணுக்கு சுகர் மேடம். பச்சக் கொயந்தையிலேர்ந்தே. ஒவ்வொரு வேளையும் சாப்பாட்டுக்கு முன்னாடி ஊசி. ஒரு தொண்டு நிறுவனத்துல இந்த சிண்டுவ குட்த்தாங்க. இது மொதல்ல கைய நீட்டும். இவ அதுக்கு பொம்மை ஊசி போடுவா. அப்புறம் இவ கைய நீட்டுவா. ஒரு வருஷமா அப்படித்தான் ஓடிகினு கீது. இன்னிக்கி காலைல இது எழுந்திரிக்கல. ரெண்டு பேரும் அமுக்கிப் புடிச்சி போட்டோம். பாருங்க." செல்வி நீட்டிய கையில், முழங்கைக்குக் கீழே ஒரு குட்டிப் பல் வரிசை பதிந்திருந்தது. "இப்ப இன்னா சொல்றா தெரியுமா? சாப்ட்டாதான ஊசி, நான் சாப்பிடவே மாட்டேன்றா. காலைல ஊசி போட்டுட்டு மத்தியானம் பட்டினி கெடந்தா மயக்கம் வந்துடும். சாப்ட்டுட்டு ஊசி போடாம வுட்டா ஆஸ்பத்திரில படுக்க வெக்கணும். நான் எந்தப் பக்கம் போறது?"

ஹர்ஷினி எங்கள் யாரையும் பார்க்கவில்லை. துண்டுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்த சிண்டுவின் ஒரு காலைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

சரி, உடனே பார்க்கலாம் என்று உள்ளே கொண்டுபோனோம். நாங்கள் என்றால் நானும் கரீம் பாயும். பாயை உங்களில் பாதிப் பேர் பார்த்திருக்க மாட்டீர்கள். வண்ணாரப்பேட்டைக்காரர். வயரிங், போர்டு, சால்டரிங் எல்லாம் அவர் கை. என் வயசுதான், ஆனால் என்னைக் கிண்டல் செய்வதில் எனக்குச் சீனியர். திறந்து பார்த்துவிட்டு, "உள்ள கலீஜா கீது, ஆனா உயிருக்கு ஒண்ணும் ஆபத்தில்ல" என்றார். சார்ஜ் சொருகுகிற இடம் கருகிப்போயிருந்தது. அதை மாற்றினார். சிண்டு கண்ணைத் திறந்தது.

கதை இங்கேயே முடிந்திருக்க வேண்டும். முடிந்திருந்தால் நானும் இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன்.

நான் கேபிளை மாட்டி, என் அருமைப் பொத்தான் இருக்கிற திரையைத் திறந்தேன். ஐயோ, என்ன ஒரு காட்சி! இடது கை பாதியில் தொங்குகிறது, ஆரஞ்சு. கழுத்து ஒரு பக்கம் சாய்கிறது, ஆரஞ்சு. "ஊசி" என்று சொன்னால் கை அசைய எடுக்கிற தாமதம், அது ஆரஞ்சிலும் அடர்ந்த ஆரஞ்சு. எனக்கு வாயூறியது. பிரியாணி அண்டாவைத் திறந்த மாதிரி இருந்தது என்றால் நம்புங்கள்.

"சார்ஜ் ஏறுதுல்ல வேதாம்மா? குட்த்து அனுப்பு. கொயந்த பசியோட நிக்குது" என்றார் பாய்.

"பாய், வேலைன்னா முழுசா செய்யணும். அரைகுறையா அனுப்புற பழக்கம் எனக்குக் கிடையாது." இப்படிச் சொல்லிவிட்டு அழுத்தினேன். மேலிருந்து கீழே வரைக்கும் பச்சை. ஆபரேஷன் தியேட்டரிலிருந்து வருகிற டாக்டர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு வெளியே வந்து, இரண்டு பேரையும் உள்ளே எங்கள் மேசைக்குக் கூப்பிட்டு, "நல்லா ஆயிடுச்சும்மா" என்றேன். செல்வி கையெடுத்துக் கும்பிட்டாள். அந்தக் கும்பிடு நன்றாகத்தான் இருந்தது, பொய் சொல்லக் கூடாது.

"ஹர்ஷி! நான் வந்துட்டேன்!" என்றது சிண்டு. அந்தப் பெண் முகத்தைப் பார்த்திருக்க வேண்டுமே! ஓடிவந்து கட்டிப்பிடித்துக்கொண்டாள். செல்வி அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்து டிபன் டப்பாவையும், ஊசி மருந்தை ஐஸில் வைத்த சின்னப் பையையும் எடுத்தாள். "சிண்டு, ஊசி போட்டுக்கலாமா?" என்று கேட்டாள்.

"எனக்குத்தான் மொதல்ல!" என்று சிண்டு படக்கென்று கையை நீட்டியது. நேராக, விறைப்பாக, சிரித்த முகத்தோடு. என் கிரேன்கள்கூட இவ்வளவு ஒழுங்காக நீட்டியதில்லை.

ஹர்ஷினி ஓரடி பின்னால் போனாள். சிண்டுவையே பார்த்தாள். "இது சிண்டு இல்ல" என்றாள்.

"சிண்டுதாம்மா, ஆஸ்பத்திரிக்குப் போய்ட்டு வந்திருக்கு" என்று நான் குழைந்தேன். "உன் பேர் தெரியுது பாரு, உன் ஃபிரெண்டு பேரு கேளு, எல்லாம் சொல்லும்."

"எல்லாம் தெரியுது. ஆனா இது சிண்டு இல்ல." அவள் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. "சிண்டு ஊசின்னா யோசிக்கும். கைய தூக்கும், அப்புறம் பாதில வுட்டுடும். நான் கண்ண மூடிக்கோ, சீக்கிரம் முடிஞ்சிடும்னு சொல்வேன். அப்புறந்தான் நீட்டும். இதுக்கு பயமே இல்ல. பயமில்லாததுக்கு ஊசின்னா இன்னா தெரியும்?"

சொல்லிவிட்டு நேராக வந்து, எங்கள் வேலை மேசைக்கு அடியில் புகுந்துகொண்டாள்.

கரீம் பாய் என்னைப் பார்த்தார். நான் திரையைப் பார்த்தேன். எல்லாம் பச்சையாகச் சிரித்துக்கொண்டிருந்தது. தேய்ந்த பல்சக்கரம் ஒன்று, அதைச் சமாளிக்கத் தெரியாத மென்பொருள் ஒன்று. இரண்டும் சேர்ந்து கொடுத்த தடுமாற்றத்தைத்தான் அந்தப் பெண் ஒரு வருஷமாகப் பயம் என்று நினைத்திருக்கிறாள். தினமும் அதற்குத் தைரியம் சொல்லிச் சொல்லித்தான் தன் கையை நீட்டியிருக்கிறாள். நான் போய் அந்தப் பயத்தை ஒரே அழுத்தில் துடைத்துவிட்டேன். பழைய அளவுகள் எங்கே என்று கேட்காதீர்கள். ஜுரத்தை டப்பாவில் போட்டு வைப்பாயா என்று கேட்ட மகராசி இங்கேதான் நிற்கிறேன்.

இளையவர்களே, இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லிக்கொண்டு மேலே போகிறேன். நம் திரையில் வருகிற ஆரஞ்சு, ஃபேக்டரி அளவிலிருந்து மாறியிருக்கிறது என்று மட்டும்தான் சொல்லும். கெட்டுப்போயிருக்கிறது என்று சொல்லாது. ஒரு குழந்தையோடு ஒரு வருஷம் இருந்த பொருள் மாறாமல் இருக்குமா? எது பழுது, எது பழக்கம் என்பது அந்தக் குழந்தைக்குத்தான் தெரியும். அதனால்தான் அந்தப் பெட்டி. இப்போது பழைய அளவுகளையும் சேமித்து வைக்கிறோம், மீட்டிங்கில் கேட்ட அதே பெண்தான் எழுதிக் கொடுத்தாள். அவளிடம் போய்க் கேட்பதற்கு நான் ஒரு வாரம் சுற்றிச் சுற்றி வந்தது தனிக் கதை.

ஆனால் அன்றைக்கு என்னிடம் எதுவும் இல்லை. "ஒரு நிமிஷம்மா" என்று செல்வியிடம் சொல்லிவிட்டு, குத்துமதிப்பாக ஒரு தாமதம் போட்டேன், கை பாதியில் தாழும்படி ஒரு அளவு போட்டேன். "சிண்டு, ஊசி" என்றேன். கை எழுந்தது, நின்றது, தாழ்ந்தது. எனக்கே பாவமாக இருந்தது. மேசைக்கடியிலிருந்து ஒரு குரல் வந்தது.

"நடிக்குது."

"இல்லம்மா, நெஜமா பயப்படுது பாரு."

"நீ டைப் பண்ணத நான் பாத்தேன். நீ சொல்லித்தான பயப்படுது?"

கரீம் பாய் மெதுவாக, "டெஸ்டிங் டிபார்ட்மென்டுல வேலைக்கு எடுத்துக்கலாம் இவள" என்றார். நான் அவரை முறைத்தேன். முறைக்கிற தகுதிகூட அந்த நேரத்தில் எனக்கு இல்லை.

செல்வி எழுந்தாள். மணி ஒன்றைத் தாண்டிவிட்டது. பெண்ணின் முகம் வெளிறிக்கொண்டு வருவதை அவள் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். "போதும் மேடம், நீங்க பண்ண வரைக்கும் போதும்" என்றாள். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். "நான் மேல புடிச்சிக்கறேன். நீங்களும் பாயும் ஆளுக்கொரு கால் புடிங்க. வேற வழி இல்ல. பேஜாரா பூடும்." சொல்லும்போதே அழுதுகொண்டிருந்தாள். காலையில் ஒரு முறை அமுக்கியாகிவிட்டது. மத்தியானமும் அமுக்கினால், ராத்திரியும் அமுக்க வேண்டும், நாளைக்கும் அமுக்க வேண்டும். இனிமேல் அந்தப் பெண் தானாகக் கை நீட்ட மாட்டாள் என்பது அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அதைச் செய்யச் சொல்லித்தான் என்னைக் கூப்பிட்டாள், செய்ய வைத்ததும் நான்தான்.

"ரெண்டே நிமிஷம் குடும்மா" என்று சொல்லிவிட்டு, என்ன செய்கிறோம் என்று தெரியாமலே மேசைக்கு அடியில் நுழைந்தேன். முட்டிவலிக்காரி, புடவை கட்டியவள், உடம்பும் கொஞ்சம் தாராளம். பாதி வரைதான் போக முடிந்தது. மிச்சம் வெளியே, பாயின் பார்வைக்கு.

"ஹர்ஷினி, நான்தாம்மா கெடுத்துட்டேன்" என்றேன். "சிண்டு ஒண்ணும் பண்ணல. நான்தான் அத மாத்திட்டேன்."

"எதுக்கு?"

"சரியா இல்லன்னு நெனச்சேன்."

"சரியாத்தான இருந்துச்சு?"

"ஆமா. எனக்குத் தெரியல."

"திரும்ப வராதா?"

"கொஞ்ச கொஞ்சமா வரலாம். இன்னிக்கி வராது." பொய் சொல்ல என்னிடம் இனி எதுவும் மிச்சமில்லை.

அவள் அழவில்லை. முழங்காலில் தாடையை வைத்துக்கொண்டு என்னையே பார்த்தாள். அந்த நேரம் பார்த்து செல்வி, சுகர் பார்ப்பதற்கு விரலில் குத்துகிற பேனாவை எடுத்து, ஊசி மாற்றி, 'டிக்' என்று இழுத்தாள். என் காதுக்குப் பக்கத்தில். நான் "அம்மா!" என்று அலறி நிமிர்ந்ததில், மேசைப் பலகையில் மண்டை இடித்தது. மேலே இருந்த ஸ்க்ரூ டிரைவர் எல்லாம் உருண்டு விழுந்தது.

ஊசி என்றால் எனக்கு அப்படி. கம்பெனியில் வருஷா வருஷம் ரத்தம் எடுக்க ஆள் வருவார்களே, அன்றைக்கெல்லாம் எனக்கு ஏதாவது ஒரு சொந்தக்காரருக்குக் கல்யாணம் இருக்கும்.

"ஆன்ட்டி, உனக்கு ஊசின்னா பயமா?" ஹர்ஷினி கிட்டே வந்தாள்.

"இல்ல" என்று சொல்ல வாயெடுத்தேன். முடியவில்லை. "ரொம்ப" என்றேன்.

"நெஜமாவா? யாராச்சும் டைப் பண்ணாங்களா?"

"இல்லடி கண்ணு. பொறந்ததுலேர்ந்தே."

அவள் அம்மாவின் கையிலிருந்த பேனாவைக் காட்டினாள். "அப்ப நீ மொதல்ல" என்றாள்.

வெளியே கரீம் பாய் சந்தோஷத்தில் கை தட்டியே விட்டார். "காலு புடிக்கவா வேதாம்மா, கையி புடிக்கவா?" செல்வி கண்ணைத் துடைத்துக்கொண்டு, இன்னொரு புது ஊசியை மாட்டி, மேசைக்கடியில் குனிந்தாள். நான் விரலை நீட்டினேன். பேனா கிட்டே வந்ததும் இழுத்துக்கொண்டேன். மறுபடி நீட்டினேன். பாதி வழியில் கை தானாக இறங்கிவிட்டது. சத்தியமாக நான் வேண்டுமென்று செய்யவில்லை.

"கண்ண மூடிக்கோ" என்றாள் ஹர்ஷினி, என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு. நன்றாகப் பழகிய பிடி. "சீக்கிரம் முடிஞ்சிடும். நான் இருக்கேன்ல?"

மூடினேன். குத்தியது. நான் போட்ட சத்தத்தில் ரிசப்ஷன் பெண் ஓடிவந்து எட்டிப் பார்த்தாள். ஹர்ஷினி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், அன்றைக்கு முதல் தடவையாக. பிறகு அம்மாவிடம், "மெஷின்ல வெக்கணும், சும்மா குத்துனா கணக்கில்ல" என்று கறாராகச் சொன்னாள். செல்வி என் ரத்தத்தைப் பட்டையில் தொட்டு மெஷினில் வைத்தாள். விளையாட்டுக்குத்தான்.

மெஷின் கத்தியது. செல்வி அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், திரும்ப அதைப் பார்த்தாள். "மேடம், எப்ப சாப்ட்டீங்க?"

"எங்க சாப்ட்டேன்? காலைல ஒரு டீ. வெறும் டீதான்."

"உங்களுக்கு சுகர் கீதுன்னு யாராச்சும் சொல்லிகிறாங்களா?"

"எனக்கா? எனக்கெல்லாம் ஒண்ணும் இல்லையே" என்றேன். ஹர்ஷினி எட்டி மெஷினைப் பார்த்தாள். அந்த வயசில் எண்களை அவளைப் போலப் படிக்கத் தெரிந்த பிள்ளையை நான் பார்த்ததில்லை. "அம்மா, என்னோடதவிட ஜாஸ்தி" என்றாள், ரகசியம் போல. கரீம் பாய் கிண்டல் செய்யவில்லை. அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது. குத்திய விரலை முந்தானைக்குள் ஒளித்து வைக்கப் பார்த்தேன், மேசைக்கடியில் ஒளிக்க இடம் ஏது?

ஹர்ஷினி வெளியே தவழ்ந்து போய், பெஞ்சில் உட்கார்ந்திருந்த சிண்டுவை எடுத்து வந்து என் மடியில் வைத்தாள். என் கையை எடுத்து அதன் மேல் வைத்தாள். பிறகு தானே கவுன் கையை மடித்துவிட்டுக்கொண்டு அம்மாவிடம் நீட்டினாள்.

"பயப்படாத ஆன்ட்டி. நான் மொதல்ல போட்டுக்கறேன். நீ அப்புறம் போட்டுக்கோ."

செல்வி சுகர் பார்த்துவிட்டு ஊசியைப் போட்டாள். அந்தப் பெண் கண்ணை மூடவே இல்லை. முடிகிற வரைக்கும் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், நான் பயப்படுகிறேனா என்று.